பின்கட்டு வாடகைக்காரரின் ஆட்சேபணை

எங்கள் தெருவில் அவருக்குப் பெயர் காயில்காரர். எரிந்துபோன ஃபேன், மிக்ஸி, தண்ணீர் மோட்டார் எதுவானாலும் உள்ளேயிருக்கும் கருகிய செம்புக் கம்பியை உருவிவிட்டுப் புதிதாகச் சுற்றிக் கொடுப்பார். பெரிய வீட்டின் பின்கட்டில் இரண்டு அறைகள். ஒன்றில் தொழில், மற்றதில் அவரும் மனைவியும். சாப்பாட்டில்கூட வார்னிஷ் வாடை அடிக்கிறது என்று அந்த அக்கா குறைப்படுவார்.

பயந்த மனிதர். போலீஸ்காரர் யாராவது ஃபேனைக் கொண்டுவந்து எதிரில் நின்றால் சுற்றின் எண்ணிக்கையைத் தவறவிட்டு முதலிலிருந்து தொடங்குவார். அப்படிப்பட்டவர் கோர்ட்டில் பொய்ச் சத்தியம் செய்த கதைதான் இது. அவரே எனக்குச் சொன்னது.

முன்கட்டில் இருந்த வீட்டுக்காரருக்கும் அவருடைய தங்கைக்கும் வழக்கு. பின்கட்டு தங்கைக்குத்தான் என்று தீர்ப்பாகி ஆறு வருஷம். ஆனால் தீர்ப்பை நிறைவேற்றக் கோர்ட் ஊழியரான அமீனா வாசலுக்கு வரும்போதெல்லாம் ஒரு ஆட்சேபணை மனு தயாராக இருக்கும். எந்தச் சுவர் வரைக்கும் என்று தீர்ப்பில் தெளிவில்லை என்றார் வீட்டுக்காரர். அது தள்ளுபடியானதும், எனக்கும் பங்குண்டு என்றார் மனைவி. பிறகு மகன், அப்புறம் மாமியார். ஒவ்வொன்றும் தள்ளுபடிதான், ஆனால் ஒவ்வொன்றும் ஒரு வருஷத்தைத் தின்றுவிட்டுத்தான் போகும். "இனி மனு போட அவங்க வீட்டு நாய்தான் பாக்கி" என்று தெருவில் சிரிப்பார்கள். காயில்காரரும் சிரித்திருக்கிறார், நாய்க்கு முன்னால் தன் முறை வரும் என்று தெரியாமல்.

ஒரு நாள் காலையில் வீட்டுக்காரர் அவரை வக்கீல் ஆபீசுக்குக் கூட்டிப்போனார். மேஜைமேல் இவர் பெயரில் தட்டச்சு செய்த ஆட்சேபணை மனு. காயில்காரர் எழுத்துக்கூட்டிப் படித்தார்.

"அண்ணே, பன்னிரண்டு வருஷமா குடியிருக்கேன்னு போட்டிருக்கே. நான் வந்து பதினாலு மாசம்தானே ஆச்சு? உங்க அப்பா கையால சாவி வாங்கினதா வேற இருக்கு. அவரை நான் பார்த்ததே இல்லையே."

"கோர்ட்ல எல்லாம் அப்படித்தான் எழுதுவாங்க தம்பி. கையெழுத்துப் போடலேன்னா நாளைக்கே அமீனா வந்து உங்க சாமானைத் தெருவுல வைப்பான். உங்க இஷ்டம்."

போட்டுவிட்டார்.

அடுத்த வாரம் அமீனா வந்தார், பூட்டு உடைக்க ஒரு ஆளோடு. கூடவே அந்தத் தங்கை. ஆஸ்பத்திரி லேபில் ரத்தம் எடுக்கிறவர். வீட்டுக்காரர் புது மனுவை நீட்டினார். அமீனா படித்துவிட்டு ஏதோ குறித்துக்கொண்டு கிளம்பினார். தங்கை மட்டும் காயில்காரரின் கதவருகே நின்றார்.

"நீங்கதானா பன்னிரண்டு வருஷமா இருக்கிறவர்?"

அவர் குனிந்து கையிலிருந்த கம்பியைச் சுற்றத் தொடங்கினார்.

"எங்க அப்பா செத்துப் பத்து வருஷம் ஆகுது. அதுக்கு முன்னாடி மூணு வருஷம் படுத்த படுக்கையா கிடந்தது இந்த ரூம்லதான். நான்தான் பார்த்துக்கிட்டேன். உங்களை இங்க பார்த்த ஞாபகமே இல்லையே."

திட்டியிருந்தால்கூட ஆறியிருக்கும். அந்தம்மா சாதாரணமாகச் சொல்லிவிட்டுப் போனதுதான் ஆறவில்லை.

பத்து நாளில் கோர்ட்டிலிருந்து அழைப்பு வந்தது. மனு போட்டவர் நேரில் வந்து குறுக்கு விசாரணைக்கு நிற்க வேண்டும். அன்றிலிருந்து மனிதருக்குச் சோறு இறங்கவில்லை. சுற்றிக்கொடுத்த மோட்டார் எதிர்த்திசையில் ஓடுகிறது என்று திரும்பி வந்தது. வாசலில் செருப்புச் சத்தம் கேட்டால் உள்ளறைக்குப் போய்விடுவார். வீட்டுக்காரர் தினமும் வந்து பாடம் எடுத்தார்.

"பன்னிரண்டு வருஷம். அதைத் தவிர எது கேட்டாலும் தெரியாது. மாத்திப் பேசினீங்கன்னா பொய்ச் சத்தியம்னு உங்களைத்தான் உள்ள வைப்பாங்க, என்னை இல்ல."

அவர் போனதும் காயில்காரரின் மனைவி கேட்டார். "ஏங்க, சொன்னாலும் ஜெயில், சொல்லாட்டியும் ஜெயில்னா எதுக்குப் பொய்யையும் சேர்த்துச் சுமக்கணும்? மடியில கனம் இருக்கிறதாலதானே இந்தப் பயம்?"

"கனத்தை இறக்கினா வீடு போயிரும்டி."

"எந்த வீடு? இது அந்தம்மா வீடு."

கோர்ட்டில் கூண்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டுதான் நின்றாராம். தங்கையின் வக்கீல் வயதான பெண்மணி, குரலை உயர்த்தவே இல்லை.

"குடிவந்தப்போ சாவியைக் கொடுத்தது யாரு?"

"அவங்க அப்பா."

"நின்னுக்கிட்டுக் கொடுத்தாரா, உக்காந்துக்கிட்டா?"

படுத்த படுக்கையாய்க் கிடந்த மனிதரை எப்படி நிற்க வைப்பது? வீட்டுக்காரர் பின்வரிசையிலிருந்து கண்ணெடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தார். காயில்காரர் நீதிபதி பக்கம் திரும்பினார்.

"ஐயா, அந்தப் பெரியவரை நான் பார்த்ததே இல்ல. நான் குடிவந்து ஒன்றரை வருஷம்கூட ஆகல."

வீட்டுக்காரரின் வக்கீல் எழுந்தார். நீதிபதி கையமர்த்தினார்.

"பொய்னு தெரிஞ்சேதான் கையெழுத்துப் போட்டீங்களா?"

"தெரியும்ங்க. பயத்துல போட்டேன்."

"இப்ப பயம் இல்லையா?"

"இப்பவும் பயமாத்தான் இருக்குங்க."

மனு தள்ளுபடி. ஒரு மாதத்துக்குள் போலீஸ் துணையோடு பின்கட்டை ஒப்படைக்க வேண்டும். அந்த வீட்டிலிருந்து இனி யார் பெயரிலும் இதே ஆட்சேபணையைக் கோர்ட் ஏற்காது என்று உத்தரவானது. பொய் மனுவுக்காக வீட்டுக்காரர் மேலும் இவர் மேலும் தனியாக விசாரணை வரும் என்றும் நீதிபதி சொன்னார். கடைசியாகச் சொன்ன அதுதான் இவர் காதில் நின்றது.

சாமானை ஏற்றிய அன்று தங்கை வந்து வாசலில் நின்றார். இவர் அவசர அவசரமாகச் செம்புக் கம்பி உருளைகளைத் தூக்குவதைப் பார்த்து, "மெதுவாவே எடுங்க. இத்தனை வருஷம் நின்னாச்சு, இன்னும் ஒரு மணி நேரம் நிக்க மாட்டேனா?" என்றார். மன்னிப்புக் கேட்க இவர் வாயெடுத்தார். அதற்குள் அந்தம்மா உள்ளறைக்குப் போய் ஜன்னலைத் திறந்துகொண்டிருந்தார்.

விசாரணை முடிய ஐந்து மாதம் ஆனது. தானாகவே உண்மையைச் சொன்னதால் இவரைக் கண்டித்து விட்டுவிட்டார்கள். வீட்டுக்காரர் மேல் வழக்கு இன்னும் நடக்கிறது. காயில்காரர் இப்போது சந்தைக்குப் பின்னால் ஒரு தகரக் கொட்டகையில் தொழில் செய்கிறார். காகிதம் எது வந்தாலும், கரன்ட் பில்லே ஆனாலும், மனைவி படித்துச் சொல்லும்வரை கையால் தொடமாட்டார்.