பெயர் மட்டும் மிஞ்சிய படம்

ஜெயமலர் ஜெர்மன் மொழியில் திரைக்கதை எழுதத் தொடங்கி முப்பத்தொரு வருடங்கள். தொலைக்காட்சியில் வெள்ளிக்கிழமை தோறும் வரும் துப்பறியும் தொடரில் மட்டும் நாற்பத்துமூன்று கதைகள் அவளுடையவை. ஆனால் பேர்லினின் நொய்கெல்ன் பகுதியில் அவள் சாமான் வாங்கும் தமிழ்க்கடையில் கேட்டால், "அவ கந்தோரிலை ஏதோ எழுத்து வேலை" என்று, ஏதோ அலுவலகக் குமாஸ்தா போலத்தான் சொல்வார்கள். அவளும் திருத்தியதில்லை.

எண்பத்தைந்தாம் ஆண்டில், பத்தொன்பது வயதில், இலங்கையிலிருந்து பேர்லினுக்கு வந்தவள். உணவகத்தில் கோப்பை கழுவிக்கொண்டே மாலை வகுப்பில் ஜெர்மன் படித்தாள். பிறகு ஒரு படத் தயாரிப்பு நிறுவனத்தில், வந்து குவியும் திரைக்கதைகளைப் படித்து அபிப்பிராயம் எழுதிக் கொடுக்கும் வேலை கிடைத்தது. படிக்கப் படிக்க, இதைவிடத் தன்னால் நன்றாக எழுத முடியும் என்று பட்டது. எழுதினாள், வாங்கினார்கள்.

ஒரு குறைதான். அவள் எழுதிய தமிழர்கள் திரைக்குப் போய்ச் சேர்வதில்லை. பல் வைத்தியர் தமிழர் என்று எழுதினால், படமாகும்போது அவர் ஹம்பர்க்காரர் ஆகிவிடுவார். ஒரேயொரு தமிழர் மட்டும் கடைசிவரை மாறாமல் வந்தார். முதல் காட்சியிலேயே ஆற்றில் பிணமாக மிதந்தார்.

அவள் உண்மையில் எழுத விரும்பியது தங்கை வனஜாவின் கதையை. வனஜா ஒரு சிறு பட்டணத்து அகதி விடுதியில் வதிவிட அனுமதிக்காக ஆறு வருடங்கள் காத்திருந்தவள். அங்கே கர்ப்பமாகி, ஏழாம் மாதத்தில் வயிற்றுவலி என்று சொன்னபோது, வைத்தியரைப் பார்க்கத் திங்கட்கிழமைக்கு டெர்மின், அதாவது நேரம், எடுக்கச் சொன்னார்கள். அன்று வெள்ளிக்கிழமை. பிள்ளை தங்கவில்லை. இதை அவள் அக்காவிடம் மட்டுந்தான் சொல்லியிருந்தாள்.

"எழுது அக்கா. ஆனா நடந்ததை அப்பிடியே எழுது" என்றாள் வனஜா.

பத்து வருடம் அந்தக் கதையோடு ஒவ்வொரு நிறுவனமாக ஏறி இறங்கினாள். கடைசியில் ரைனர் ஓல்ஸ் என்ற தயாரிப்பாளர் எடுத்துக்கொண்டார். "அருமையான கதை. ஆனால் நம் சனங்கள் யாரோடு சேர்ந்து அழுவார்கள்? விடுதியில் வேலை செய்யும் ஜெர்மன் பெண்ணின் வழியாகச் சொல்லுங்கள்" என்றார். ஜெயமலர் மறுத்தாள். பிறகு ஒரு காட்சியை விட்டுக்கொடுத்தாள். பிறகு இன்னொன்றை. ஏழாவது முறை எழுதியபோது அந்தப் பெண்ணே கதாநாயகி. அப்போதுதான் ரைனர், "இவளுக்கும் ஒரு காயம் வேண்டும். பிள்ளையை இழந்தவள் இவளாக இருக்கட்டுமே" என்றார்.

ஜெயமலர் இரண்டு நாள் அவகாசம் கேட்டாள். ஐம்பத்தேழு வயது. இனி இன்னொரு படம் கிடைக்காது என்று அவளுக்குத் தெரியும். வேறு எவனோ எழுதிக் கெடுப்பதைவிடத் தானே எழுதலாம் என்று மனதைத் தேற்றினாள். எழுதினாள். அவள் வாழ்க்கையில் எழுதியதிலேயே மிகச் சிறந்த காட்சி அதுதான்.

தங்கையிடம் இதைச் சொல்லவில்லை. படத்தின் முதல் திரையிடலுக்கு வனஜா பான் நகரத்திலிருந்து பட்டுச்சேலை கட்டிக்கொண்டு வந்தாள். திரையில் அந்த ஜெர்மன் பெண் கதறியபோது அரங்கமே விம்மியது. வனஜா அசையாமல் இருந்தாள். வெளியே வந்ததும் கேட்டாள்:

"அக்கா, இதிலை நான் எங்கை?"

"சன்னலோரம் இருந்த தமிழ்ப் பெட்டை…"

"அது வாயே திறக்கேல்லையே." சேலைத் தலைப்பைத் தோளில் இழுத்துப் போட்டாள். "என்ரை பிள்ளையை ஏன் அவளுக்குக் குடுத்தனீ?"

"அவங்கள் மாத்தச் சொன்னவங்கள், வனஜா. என்னாலை ஏலாமல் போச்சு."

"எழுதினது ஆர்?"

ஜெயமலரால் பொய் சொல்ல முடியவில்லை. "நான்தான்."

வனஜா அடுத்த ரயிலிலேயே திரும்பிப் போய்விட்டாள்.

அந்தத் திரைக்கதைக்குப் பரிசு கிடைத்தது. மேடையில் அவளுடைய முழுப் பெயரையும் பிழையில்லாமல் உச்சரித்தார்கள். முப்பது வருடத்தில் முதல் தடவையாக. அவள் ரைனருக்கு நன்றி சொன்னாள், நடிகைக்கு நன்றி சொன்னாள். தங்கையின் பெயரைச் சொல்லவில்லை. ஒருவேளை அன்று சொல்லாமல் விட்டதுதான் நல்லது; தங்கை அவளிடம் மட்டும் சொன்ன துயரம் அது.

அதன்பின் எத்தனை முறை அழைத்தும் வனஜா தொலைபேசியை எடுக்கவில்லை. போன கோடையில் பேர்லின் முருகன் கோயில் தேருக்கு வந்திருந்தாள். சனத்துக்குள் இருவரும் நேருக்கு நேர் எதிர்ப்பட்டுவிட்டார்கள். வனஜா முகத்தைத் திருப்பவில்லை. அறிமுகமில்லாத ஒரு பெரியவரிடம் பேசுவதுபோல மரியாதையாகச் சிரித்தாள்.

"சுகமா இருக்கிறியளோ?"

ஜெயமலர் தலையாட்டினாள். வனஜா தேரோடு நடந்து போனாள்.