கையுறை போடாதவர்

அவர் போகாத ஊர் கிடையாது, பார்க்காத கடல் கிடையாது. ஆனால் வீட்டை விட்டால் வேலை, வேலையை விட்டால் வீடு என்பதைத் தவிர அவர் வேறெங்காவது போனதாக அந்தத் தெருவில் யாருக்கும் ஞாபகமில்லை. நினைவுக்கூடத்தில் கல் துடைப்பது அவர் உத்தியோகம். மக்கள் தங்களுக்கு முக்கியமான நினைவுகளைக் கல்லில் ஏற்றி அங்கே பத்திரப்படுத்துவார்கள். கல்லை நெற்றியில் வைத்து நினைத்தால் போதும், நினைத்தது உள்ளே போய் உட்கார்ந்துகொள்ளும். மண்டைக்குள் இருப்பது அப்படியே இருக்கும். கல்லில் இருப்பது நகல். ஆனால் சும்மா கிடக்கும் கல் மங்கிவிடும் என்பதால் அடிக்கடி துடைக்க வேண்டும். துடைப்பவர் கையுறை போட வேண்டும் என்பது விதி. வெறும் விரல் பட்டால் உள்ளே இருப்பது கொஞ்சம் கசிந்து ஆளுக்குள் வந்துவிடும்.

அந்த விதி சுவரில் பெரிய எழுத்தில் தொங்கியது. அதற்கு நேர் கீழே உட்கார்ந்துதான் நம்மவர் வெறுங்கையால் துடைத்தார். "உறை போட்டா கல்லு வழுக்குது" என்பார். உண்மையில் அவருக்கு விரலிடுக்கில் வேர்க்கும், அவ்வளவுதான். இந்த அற்பக் காரணத்துக்காக ஒரு மனிதர் ஊரார் வாழ்க்கையையெல்லாம் வீட்டுக்கு இழுத்து வருவாரா? வந்தார்.

ஒருநாள் சாப்பாட்டுத் தட்டின் முன் உட்கார்ந்து, செத்துப்போன நாயை நினைத்துத் தேம்பித் தேம்பி அழுதார். அவர் வீட்டில் நாயே வளர்த்ததில்லை. நாயென்றால் அவருக்குப் பயம் வேறு. இன்னொரு நாள் எதிர்வீட்டுத் தையல்காரர் வணக்கம் சொன்னதற்கு முகத்தைத் திருப்பிக்கொண்டு போனார். எவருக்கோ எந்தத் தையல்காரரிடமோ இருந்த பகைக்கு இந்த அப்பாவி மாட்டிக்கொண்டார்.

அவர் மனைவி தெருமுனையில் சாவி செய்யும் கடை வைத்திருந்தாள். கணவர் புதிதாக எதையாவது ஆரம்பித்தால், அரத்திலிருந்து கண்ணை எடுக்காமல், "இது யாரோட கல்லுங்க?" என்று கேட்பாள்.

"என்னோடதுதான்" என்பார். சில நாள் "யோசிச்சுச் சொல்றேன்" என்பார்.

யாரும் சந்தேகப்படாத நினைவு ஒன்று மட்டும் அவரிடம் இருந்தது. தம்பதிகள் முதன்முதலில் சந்தித்த கதை. பேய்மழை. பாலத்தில் நனைந்தபடி இவர். சிவப்புக் குடையோடு வந்த அவள், ஒரு வார்த்தை பேசாமல் பாதிக் குடையை நீட்டுகிறாள். நாலு பேர் கூடிய இடத்திலெல்லாம் கண்ணும் மூக்கும் வைத்து இதைச் சொல்வார். அப்போது மனைவி குனிந்து ஏதாவது வேலை பார்த்துக்கொண்டிருப்பாள். வெட்கம் என்று எல்லோரும் நினைத்தார்கள். அவரும்தான்.

பெற்றோரின் திருமண நாளுக்கு மகள் புதுக் கல் ஒன்று வாங்கி வந்தாள். "அந்தக் குடைக் கதையை இதுல ஏத்துங்கப்பா" என்றாள். மூன்று பேருமாகக் கூடத்தின் பதிவு மேஜைக்குப் போனார்கள். அங்கிருந்த பதிவாளர் அம்மாள் அவருக்குத் தெரிந்தவர்தான். நம்மவர் கல்லை நெற்றியில் வைத்து, படம் பிடிக்க உட்கார்ந்தவர் மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு கண்ணை மூடினார்.

ஒளிர வேண்டிய கல் கரியாகக் கறுத்தது. மறுபடி வைத்தார். மறுபடியும் கறுத்தது.

பதிவாளர் அம்மாள் குரலைத் தாழ்த்திக்கொண்டார். "ஐயா, ஒரு நினைவு ஒரு கல்லுலதான் நிக்கும். இது ஏற்கனவே வேற ஒருத்தர் கல்லுல இருக்கு."

"அப்படின்னா?" என்றாள் மகள்.

அம்மாள் அவருடைய வெறும் விரல்களைப் பார்த்தார். நம்மவருக்கு முகம் தொங்கிப்போனது. மெல்ல மனைவி பக்கம் திரும்பினார். அவள் நகத்தில் ஒட்டியிருந்த இரும்புத்தூளைச் சுரண்டிக்கொண்டிருந்தாள்.

"உனக்கு முன்னாடியே தெரியுமா?"

"என்கிட்ட குடையே இருந்ததில்லங்க. மழை பெஞ்சா கடைக்குள்ளயே நின்னுக்குவேன்."

"அப்ப ஏன் சொல்லல?"

"ஆசையா சொன்னீங்க. கேக்க நல்லாவும் இருந்துச்சு. விட்டுட்டேன்." இரும்புத்தூளை விட்டுவிட்டு நிமிர்ந்து, "ஆனா ஒண்ணு கேக்கணும்னு ரொம்ப நாளா இருக்கு. என்னைப் பத்தி உங்களுக்குன்னு சொந்தமா ஏதாவது இருக்கா? இல்ல, நானும் அடுத்தவங்க கல்லுல இருந்து வந்தவதானா?" என்றாள். அவள் கத்தியிருந்தால்கூட அவருக்குத் தேவலையாக இருந்திருக்கும்.

அவசர அவசரமாகக் கல்லை எடுத்தார். மலை உச்சியில் இருவரும் கைகோத்துச் சூரியோதயம் பார்த்ததை நினைத்தார். கறுத்தது. பிரசவ அறையில் அவள் தன் கையை நெரித்ததை நினைத்தார். அதுவும் கறுத்தது.

"நான் பொறந்தப்பகூட நீங்க இல்லையாப்பா?"

"இருந்தேம்மா. வெளியே இருந்தேன்னு நினைக்கிறேன்."

வரிசையில் நின்றவர்கள் கழுத்தை நீட்டி வேடிக்கை பார்த்தார்கள். இத்தனை காலம் கூடவே வாழ்ந்தவளைப் பற்றித் தன்னிடம் ஒரு துணுக்குகூட இல்லாமல் போய்விட்டதோ என்று அவர் நிஜமாகவே பயந்துபோனார். கல்லை மேஜையில் வைத்துவிட்டார். பிறகு யாரையும் பார்க்காமல் சொன்னார்.

"வீட்டுச் சாவி ஒடிஞ்சு போச்சு. ரெண்டு துண்டையும் எடுத்துட்டு உன் கடைக்கு வந்தேன். உனக்கு ஜலதோஷம். மூக்கு செவந்து கெடந்துச்சு. துண்டைக் கையில வாங்கின, தும்மின. மேஜையில இருந்த இரும்புத்தூள் பூரா என் சட்டையில. தப்பா எடுத்துக்காதீங்கன்னு ஒரு வார்த்தை சொல்லல. மூக்கைத் தொடைச்சுட்டு, நாளைக்கு வாங்கன்னு சொன்ன."

"அப்புறம்?" என்றாள் மகள்.

"அப்புறம் ஒண்ணுமில்ல. மறுநாள் வந்தேன்."

"இது மட்டும் உங்களோடதுன்னு எப்படித் தெரியும்?"

"இதைப் போய் யாரு கல்லுல வைப்பாங்க?" என்றார் அசடு வழிய.

பதிவாளர் அம்மாள் கல்லைத் துடைத்து அவர் பக்கம் நகர்த்தினார். அவர் அதை நெற்றிக்குக் கொண்டுபோனபோது மனைவி சட்டென்று அவர் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டாள்.

"வேண்டாம், வைக்காதீங்க."

"ஏன், நம்பிக்கை இல்லையா?"

"தும்மினது நான். எனக்குத் தெரியாதா?" என்றாள். பிடித்த கையை விடவில்லை. "இங்க உங்களை மாதிரி ஒரு ஆளு இதையும் வெறுங்கையால தொடைப்பாரு. அப்புறம் வீட்டுக்குப் போய் அவரு பொண்டாட்டிகிட்ட என் தும்மலைச் சொல்லிட்டு இருப்பாரு. அது ஒண்ணாவது நம்ம வீட்டோட இருக்கட்டும்."