பந்தைப் பார்க்காத வர்ணனை

ஹட்டன் மைதானத்து மேட்டில் வர்ணனைக்காகக் கட்டியிருந்த தகரக் கொட்டில்தான் முதலில் நினைவுக்கு வருகிறது. உள்ளே ஒரு மேசை, ஒரு மைக், இரண்டு பிளாஸ்டிக் கதிரைகள். ஒன்றில் நான். எட்டாம் ஆண்டோடு படிப்பை விட்டு, கொழும்புக் கடைகளிலும் லொறிகளிலும் அலைந்துவிட்டு, அந்த மாதம் ஸ்கோர் எழுத வந்திருந்தேன். மற்றதில் கீப்பர் அண்ணன். தேயிலைத் தோட்டத்தில் எங்கள் பக்கத்து லயத்து வரிசை வீட்டில் பிறந்து, இங்கிலாந்துவரை போய், ஒரு கவுண்டி அணிக்கு விக்கெட் காத்தவர். விரல்கள் உடைந்து அவர் திரும்பி வந்தபோது தாய் இல்லை. அவர்கள் இருந்த லயத்துக் காம்பராவில் வேறு குடும்பம் இருந்தது. பஜாரில் ஒரு கடைக்கு மேலே தனியாக அறை எடுத்துத் தங்கினார். கொழும்பு வானொலி ஒன்று, மூன்று நாள் போட்டியை வர்ணிக்கச் சொல்லியிருந்தது. சரியாக வந்தால் நிரந்தர வேலை. அவருக்கு வேறு வழியும் இருக்கவில்லை.

முதல் நாள் மதியம் வானொலியிலிருந்து அழைப்பு வந்தது.

"அண்ணே, ஒவ்வொரு பந்துக்கும் லைன் கட்டாகுது. மலையில சிக்னல் இல்லையா?"

"சிக்னல் இருக்கு தம்பி. நான்தான் பேசல."

"நாளைக்கும் இப்படின்னா வேற ஆளப் பார்க்கச் சொல்றாங்கண்ணே."

பந்துகளுக்கு நடுவில் அண்ணன் ஓயாமல் பேசுவார். பந்துக்காரன் ஓடிவரத் தொடங்கியதும் வாய் மூடிக்கொள்ளும். கண் பந்தோடு போய்விடும். "இத்தனை வருஷம் ஸ்டம்புக்குப் பின்னால குந்தியிருந்தவன்டா. தானா பூட்டிக்குது" என்றார்.

மறுநாள் கதிரையைத் திருப்பிப் போட்டு, மைதானத்துக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்தார். நான் பார்த்துக் கையால் காட்ட வேண்டும். அவர் என் கையைப் பார்த்துச் சொல்லுவார். ஒரு பிடி தவறியபோது எனக்குச் சைகை மறந்துபோய்த் தலையில் கைவைத்துக்கொண்டேன். மைக்கை மூடி, "என்னடா மூஞ்சி இது, அவுட்டா, பல்வலியா?" என்றார். அன்று லைன் கட்டாகவில்லை.

மூன்றாம் நாள் கடைசிப் பந்துக்கு மைதானமே எழுந்து கத்தியது. அவருடைய கழுத்து நரம்பு புடைத்தது. மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். திரும்பவில்லை. பேச்சும் நிற்கவில்லை. வேலை கிடைத்தது.

கூட்டம் கலைந்த பிறகு, "கடைசிப் பந்துக்குக் கீப்பர் எங்கடா நின்னான்?" என்று கேட்டார்.

"கவனிக்கலண்ணே."

"அவன யாரு கவனிக்கிறா" என்று சிரித்தார். அடுத்த வாரம் கொழும்புக்குப் போய்விட்டார். பஸ் ஏற்றிவிட நான் மட்டும்தான் போயிருந்தேன்.

இப்போது நான் மரக்கறி லொறி ஓட்டுகிறேன். போன மாதம் திம்புள்ளப் பக்கம் ஒரு தோட்டத்து மைதானத்தில் பையன்கள் விளையாடுவதைக் கண்டு வண்டியை ஓரம் கட்டினேன். கீப்பரை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன். சளசளவென்று எல்லாரையும் கேலி செய்துகொண்டிருந்தவன், பந்துக்காரன் ஓடத் தொடங்கியதும் வாயை மூடிக்கொண்டான். லொறி ரேடியோவில் அண்ணன் எங்கோ நடக்கும் ஒரு ஆட்டத்தை இடைவிடாமல் சொல்லிக்கொண்டே இருந்தார்.