மணம் வரும்வரை வறுத்த மண்

மண்ணைக் கிளறிக் கிருமி தேடும் வேலையில் இருப்பவரை எந்த ஊரிலும் ஒரு மாதிரியாகத்தான் பார்ப்பார்கள். நான் கோவில்பட்டியில் ஒரு கல்லூரி ஆய்வுக்கூடத்தில் திட்ட உதவியாளர். 'இன்னும் ஓராண்டு நீட்டிக்கப்படுகிறது' என்று வருஷா வருஷம் கடிதம் வந்தால்தான் எனக்கு வேலை. இப்படிக் கடிதத்துக்காகக் காலண்டரைப் பார்த்துப் பார்த்தே நாளை ஓட்டியவர்கள் உங்களிலும் இருப்பார்கள். உங்களிடம்தான் இதைச் சொல்லத் தோன்றுகிறது.

எங்கள் வேலை இதுதான். மண்ணுக்குள் கோடிக்கணக்கான பாக்டீரியாக்கள் இடத்துக்கும் தீனிக்கும் ஓயாமல் சண்டை போடுகின்றன. அவற்றில் சில, பக்கத்தில் இருப்பதைக் கொல்வதற்கென்றே ஒரு பொருளைச் செய்து வெளியே விடும். அமினோ அமிலங்களை மணி கோத்தது போலக் கோத்த சின்னச் சங்கிலி அது. பெப்டைடு என்று பெயர். ஆஸ்பத்திரி மருந்துக்கு மசியாத கிருமிகளை அப்படி ஒரு பெப்டைடு கொல்லுமா என்று பார்க்கிறோம். கரிசல் காட்டில் மண் அள்ளிக்கொண்டு வருவது என் பொறுப்பு.

எந்தக் கோயிலுக்கு?

சித்திரை மாதம் நாகலாபுரம் பக்கத்தில் ஒரு ஊருக்குப் போனேன். காடு முழுக்க வெடித்துக் கிடந்தது. வெடிப்புக்குள் முழங்கை வரை கை போகும். ஆழத்து மண் எடுக்க அதுதான் தோது. காட்டுக்காரர் சுப்பையா அண்ணாச்சியிடம் ஒரு பிடி மண் வேண்டும் என்றேன். அவ்வளவுதான், தோளில் கிடந்த துண்டை எடுத்து இடுப்பில் கட்டிக்கொண்டு, எந்தக் கோயிலுக்கு என்று பயபக்தியோடு கேட்டார். எங்கள் பக்கம் குலசாமி கோயிலில் பிடிமண் எடுத்துப்போய் வேறு ஊரில் புதுக்கோயில் கட்டுவது வழக்கம். அவர் காட்டு மூலையில் ஒரு மாடசாமி பீடமும் இருந்தது.

கோயிலுக்கு இல்லை, இந்த மண்ணில் இருக்கும் கிருமியிலிருந்து மருந்து வருமா என்று பார்க்க என்றேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். காலடி மண் எடுத்துச் செய்வினை வைக்க வந்தவளோ என்று கூட ஒரு நிமிஷம் நினைத்திருப்பார். பிறகு செருப்பைக் கழற்றச் சொல்லிவிட்டு அவரே குனிந்து அள்ளிக் கொடுத்தார். மூன்று கவர் நிறைத்தேன். அதில் ஒன்று ஓரத்தில் பிய்ந்துவிட்டது. அவர் மனைவி பேச்சியம்மா மைனி மோர் கொண்டுவந்திருந்தார்கள். பிய்ந்த கவரை அவர்களிடமே கொடுத்து, மருந்துக்கான மண், ஈரம் படாமல் வையுங்கள், அடுத்த வாரம் வந்து வாங்கிக்கொள்கிறேன் என்று சொன்னேன். சொன்னதோடு சரி, அதைச் சுத்தமாக மறந்துபோனேன். கிளம்பும்போது அண்ணாச்சி சொன்னார்:

"கோயிலுக்குன்னா அங்கன சாமி குடியேறும். ஆஸ்பத்திரிக்குன்னா சீக்காளி எந்திரிச்சு வீட்டுக்கு வரணும். வந்தா எங்களுக்கு ஒரு வார்த்தை சொல்லிவிடுங்க தாயி."

மேடம் அடித்த வார்த்தை

கெட்ட கிருமியைத் தட்டு முழுக்கப் பூசி, அதன் மேல் நம் மண் பாக்டீரியாவைப் பொட்டுப் பொட்டாக வைப்போம். மறுநாள் ஏதாவது ஒரு பொட்டைச் சுற்றிக் கிருமி வளராமல் தெளிவாக ஒரு வளையம் விழுந்திருந்தால், அந்தப் பொட்டு எதையோ செய்து வெளியே விடுகிறது என்று அர்த்தம். சுப்பையா அண்ணாச்சி மண்ணில் பதினேழாவது பொட்டுக்கு அப்படி ஒரு வளையம் விழுந்தது. ஆஸ்பத்திரியில் எந்த மருந்துக்கும் அடங்காத கிருமி, அதைச் சுற்றி எட்டிப் பார்க்கவில்லை. நான் பதிவேட்டில் கொட்டை எழுத்தில் 'புது ஆன்டிபயாடிக்' என்று எழுதினேன்.

மேடம், அதாவது திட்டத்தை நாலு வருஷமாக ஒற்றை ஆளாக இழுத்து வரும் எங்கள் பேராசிரியை, சிவப்பு மையால் அதை அடித்தார். எங்கள் தொழிலில் பெயர் சும்மா கிடைக்காது. செல்லுக்குள் புரதம் செய்யும் ரைபோசோமே கட்டிக் கொடுத்த சங்கிலி என்றால் பாக்டீரியோசின். அதிலேயே சில மணிகள் தங்களுக்குள் வளையமாக முடிச்சுப் போட்டுக்கொண்டிருந்தால் லான்டிபயாடிக். சங்கிலிக்குக் கொழுப்பில் ஒரு வால் இருந்தால் லிப்போபெப்டைடு. எதுவென்று தெரியும்வரை 'தடுக்கும் பொருள்' என்றுதான் எழுத வேண்டும். வெயிலில் காய்ந்து கருகிக் கொண்டுவந்ததற்கு இதுதானா பெயர் என்று எனக்கு முகம் சுருங்கிவிட்டது. மேடம் அதைப் பார்த்துவிட்டுச் சொன்னார்:

"இப்பத்தான் பிள்ளை பொறந்திருக்கு. அதுக்குள்ள வாசல்ல கலெக்டர்னு போர்டு மாட்டாத."

பாய் கேட்ட பெயர்

மண் போடும் கவர்களை பஸ் ஸ்டாண்டு பக்கம் காஜா பாய் கடையில்தான் வாங்குவேன். அவருடைய அத்தாவுக்கு, அதாவது அப்பாவுக்கு, சர்க்கரை. காலில் வந்த புண் நாலு மாதமாக ஆறவில்லை. சீழைச் சோதித்துப் பார்த்தால் பாதி மருந்து வேலை செய்யவில்லையாம். விரலை எடுக்க வேண்டியிருக்குமோ என்று டாக்டர் இழுத்திருக்கிறார். போகும்போதெல்லாம் உங்கள் மருந்து எந்த மட்டில் இருக்கிறது என்று கேட்பார். நானும் வளரவில்லை, வளர்கிறது என்று பயிர் நிலவரம் போலச் சொல்லிக்கொண்டிருப்பேன்.

ஒருநாள் அத்தாவுக்குத் தடவும் களிம்பைக் காட்டினார். பாசிட்ராசின், பாலிமிக்சின் என்று போட்டிருந்தது. இரண்டுமே பெப்டைடு, இரண்டும் பாக்டீரியா செய்தது. முதலாவதைச் செய்யும் பாக்டீரியா வெகுகாலத்துக்கு முன்பு ஒரு சிறுமியின் புண்ணில்தான் கிடைத்தது. மருந்தின் பெயரில் அந்தப் பிள்ளையின் பெயரும் கலந்திருக்கிறது என்று சொன்னேன். பாய் அந்தக் குழாயைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். உங்களுடையதற்கு என்ன பெயர் என்றார். இன்னும் இல்லை, பதினேழு என்றுதான் கூப்பிடுகிறோம் என்றேன். அவருக்கு அது பிடிக்கவில்லை.

"புண்ணுல கெடச்சதுக்கே பேரு வச்சிருக்காவ. நல்ல மண்ணுல கெடச்சதுக்கு ஒரு பேரு வைக்காம நீங்கள்லாம் அங்கன என்னம்மா செய்யுதீங்க?"

குக்கர்

கார்த்திகையில் ஆய்வுக்குழு வருவதாக இருந்தது. பதினேழைக் காட்டினால் திட்டம் இன்னும் இரண்டு வருஷம் ஓடும். காட்டாவிட்டால் மேடத்தின் நாலு வருஷமும் போச்சு, என் கடிதமும் வராது. அதற்காக ஐப்பசியில் ஒரு சனிக்கிழமை கூடத்தைச் சுத்தம் செய்தேன். கிருமி வளர்த்த பழைய கண்ணாடிக் குழாய்களை நீராவி அழுத்தத்தில் அவித்து, உள்ளே இருப்பதைக் கொன்றுவிட்டுத்தான் கழுவ வேண்டும். அதற்கு ஒரு பெரிய பாத்திரம் உண்டு. நாங்கள் குக்கர் என்போம். கழிவுக் குழாய்கள் ஒரு கம்பித் தாங்கியில் இருந்தன. பதினேழு இருந்ததும் அதே மாதிரிக் கம்பித் தாங்கி, அதே நீல மூடி.

அவித்து முடித்துக் குக்கரைத் திறந்ததும் மேலாக இருந்த குழாயில் என் கையெழுத்திலேயே '17' என்று ஒட்டியிருந்தது. தாங்கியை மாற்றி வைத்துவிட்டேன்; மொத்தமும் வெந்து போயிருந்தது. இரண்டாவது செட் ஒன்று போட்டு உறைபெட்டியில் வை என்று மேடம் மூன்று தடவை சொல்லியிருந்தார். நாளைக்கு, நாளைக்கு என்று தள்ளிப்போட்டது நான்தான். சித்திரையில் கொண்டுவந்த இரண்டு கவர் மண்ணும் முன்பே தீர்ந்துபோயிருந்தது. கழுவ வந்த செல்வி அக்காவுக்கு விஷயம் தெரியாது. குழாய்களைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்துவிட்டு ஆதரவாகச் சொன்னார்:

"நல்லா வெந்துருக்குட்டி. ஒரு கிருமி மிச்சம் இருக்காது, நீ தைரியமா வீட்டுக்குப் போ."

செருப்பு கைக்கு வந்த நாள்

திங்கட்கிழமை மேடத்திடம் உடம்பு சரியில்லை என்று பொய் சொல்லிவிட்டு நாகலாபுரம் பஸ் ஏறினேன். விடாத மழை. கரிசலில் மழை பெய்தால் நடக்கிறவர்களுக்குத் தெரியும், பத்து அடிக்குள் ஒவ்வொரு காலும் ஒரு படி கனம் ஏறிவிடும். செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு போய்ச் சேர்ந்தேன். காட்டை உழுது உரம் போட்டு உளுந்து விதைத்திருந்தார்கள்; பயிர் இரண்டு இலை விட்டிருந்தது. நான் கை விட்ட வெடிப்பு இருந்த இடமே தெரியவில்லை. ஈரம் குடித்து மண் ஊதிப் பொதுமியதில் எல்லாம் மூடிக்கொண்டது.

அண்ணாச்சியிடம் மட்டும் உண்மையைச் சொன்னேன். அவர் திட்டவில்லை. குடையை என் தலைக்குப் பிடித்துக்கொண்டு, பயிரை மிதிக்காமல் ஆறு இடத்தில் தோண்டிக் கொடுத்தார். நல்லது நடக்கும் என்று பொய்யாகத் தேற்றவும் இல்லை.

"அன்னைக்கு வெடிச்சுக் கெடந்துச்சு, உள்ள இருந்ததைக் குடுத்துச்சு. இன்னைக்கு அது பயிருக்கு வேலை செய்யுது. கேட்டுப் பாருங்க, தந்தா உங்க அதிர்ஷ்டம்."

ஊறுகாய் பாட்டில்

வீட்டில் மைனி துண்டைக் கொடுத்துத் தலையைத் துவட்டச் சொன்னார்கள். காபி வந்தது. பிறகு உள்ளே போய் ஒரு ஊறுகாய் பாட்டிலைக் கொண்டுவந்து வைத்தார்கள். அதற்குள் கறுப்பாக, பொலபொலவென்று மண். சித்திரையில் நான் விட்டுப்போன பிய்ந்த கவர் மண்.

எனக்கு நெஞ்சு ஒரு துள்ளு துள்ளியது. அதே வெடிப்பு, அதே மண். அடுத்த நிமிஷமே அவர்கள் சொன்னதைக் கேட்டுத் துள்ளியது படுத்துவிட்டது. சட்டியில் வறுத்த மண்ணில் எந்தக் கிருமி உயிரோடு இருக்கும்? மனசு நோகக்கூடாது என்பதற்காகத்தான் சிரித்துக்கொண்டே பாட்டிலை வாங்கிப் பையில் போட்டேன்.

"ஈரம் படாம வைக்கச் சொன்னியள்லா, மழை பிடிச்சதும் நமுத்துப்போச்சு தங்கச்சி. மருந்துக்கு உள்ளதாச்சேன்னு ஓமம் வறுக்க மாதிரி லேசா வறுத்து வச்சிருக்கேன்."

மேடத்தின் மேசை

புது மண்ணை நாற்பது தட்டில் போட்டுப் பார்த்தேன். ஒரு வளையம் இல்லை. அதற்கு மேல் மறைக்க முடியாமல் மேடத்தின் முன்னால் போய் நின்று எல்லாவற்றையும் சொல்லி அழுதேன். அவர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு, குழு வரும் தேதியைக் காலண்டரில் பார்த்தார். திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது. பிறகு, என் பையிலிருந்து எட்டிப் பார்த்த பாட்டிலைக் காட்டி அது என்ன என்றார். வறுத்த கதையைச் சொன்னேன். அவர் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார்.

எனக்குப் புத்தகத்தில் தெரிந்ததுதான், பதற்றத்தில் தோன்றவில்லை. பதினேழின் சாதி பாக்டீரியா, கஷ்டகாலம் வந்தால் கெட்டியான ஓட்டுக்குள் சுருண்டு வித்தாகிவிடும். குக்கரின் அழுத்த நீராவி அந்த வித்தையும் கொல்லும். லேசான சட்டிச் சூடு மற்றதையெல்லாம் கொன்றுவிட்டு, அதை மட்டும் விட்டுவைக்கும். எங்களைப் போன்ற ஆய்வுக்கூடங்களில் வேண்டுமென்றே மண்ணைச் சூடுபடுத்துவதும் உண்டு. மைனி மண்ணைப் போட்டோம். கூட்டமே இல்லாமல் கொஞ்சம் பொட்டுகள்தான் முளைத்தன. அவற்றை எடுத்துக் கிருமித் தட்டில் வைத்த மறுநாள், ஒன்றைச் சுற்றி வளையம். அதே வளையம், ஓரம் சுருங்கிய அதே வெண்பொட்டு. மூன்று தடவை சரிபார்த்தோம். பேச்சியம்மா மைனி இருந்த திசையைப் பார்த்துக் கும்பிட்டேன். சொல்ல எனக்கு வெட்கமில்லை. மேடம் புதுக் குழாய்களை என் பக்கம் தள்ளினார்.

"அழுகையைப் பெறகு வச்சுக்கலாம். மொதல்ல ரெண்டாவது செட்டைப் போடு."

எத்தனை டிகிரி?

குழு வந்தது, பார்த்தது, என் கடிதமும் வந்தது. பாயின் அத்தாவுக்கு டாக்டர் மாற்றிக் கொடுத்த வேறொரு மருந்தில் புண் ஆறி, விரல் தப்பித்தது. அதில் எங்கள் பங்கு ஒன்றும் இல்லை. பதினேழு மருந்தாவதற்கு இன்னும் எத்தனையோ வருஷம் ஆகும், ஆகாமலும் போகலாம். அதனால் சுப்பையா அண்ணாச்சிக்குச் சொல்ல வேண்டிய அந்த ஒரு வார்த்தை இன்னும் கடனாகத்தான் நிற்கிறது.

குழுவில் ஒருவர் ஒரே ஒரு கேள்வி கேட்டிருந்தார்: மண்ணை எத்தனை டிகிரியில், எத்தனை நிமிஷம் சூடுபடுத்தினீர்கள்? விடை தெரிந்த ஆள் உலகத்திலேயே ஒருவர்தான். தெர்மாமீட்டரும் மைனிக்கு ஒரு சேலையும் எடுத்துக்கொண்டு போனேன். சேலையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார்கள். தெர்மாமீட்டரைத் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை.

"டிகிரியெல்லாம் நான் என்னத்தக் கண்டேன் தங்கச்சி? சட்டியில போட்டுக் கிண்டுனேன், மண்ணு மணம் வந்துச்சு, எறக்கிட்டேன்."

அறிக்கையில் சூட்டின் அளவு எழுத வேண்டிய கட்டம் இன்னும் காலியாகத்தான் இருக்கிறது; ஒரு துளிப் பொருளுக்கு மூன்று பெயர் வைத்திருக்கும் எங்கள் துறையில், என் வேலையைக் காப்பாற்றிய அந்தச் சூட்டுக்கு மட்டும் இன்னும் ஒரு பெயரும் இல்லை.