இடது மணிக்கட்டு

நான் குளிப்பாட்டும்போதெல்லாம் என் மகன் என் இடது மணிக்கட்டைப் பிடித்து, அங்கிருக்கும் துவரம்பருப்பளவு கறுப்பில் சோப்பைத் தேய்ப்பான். "அழுக்கு போவலம்மா" என்பான். அது அழுக்கல்ல, பிறவி மச்சமும் அல்ல. என் தோழி வைத்தது.

அவளுடைய அக்காவின் கல்யாணப் பத்திரிகையை மீன்சுருட்டியிலிருந்து ஆண்டிமடம் வரை ஊர் ஊராகக் கொடுக்க, கல்லூரி விடுமுறையில் நாங்கள் இருவரும் மொபெட்டில் போனோம். அக்காவைப் பார்த்திராத தூரத்துச் சொந்தக்காரர் வீடுகளில் என்னை முன்னால் தள்ளி, "பொண்ணே நேர்ல வந்திருக்கு, நல்லாப் பாத்துக்குங்க" என்பாள். ஒரு அம்மாள் என் முகவாயைத் தூக்கிப் பார்த்து, "பொண்ணு ஏண்டி திருட்டு முழி முழிக்குது?" என்றார். "மாப்ளயும் அப்படித்தான் கேட்டாரு அத்த" என்றாள் இவள்.

ஆண்டிமடத்துக்கு முன்னால் ஒரு முந்திரிக்காட்டில் வண்டியை நிறுத்தினாள். பத்தாம் வகுப்பில் அங்க அடையாளம் இரண்டு எழுத வேண்டும். அவளுக்கு இருந்ததோ ஒரே மச்சம். இடது மணிக்கட்டில் இன்னொன்று இருப்பதாக வாத்தியாரே எழுதிவிட்டிருந்தார். "சாரு பொய் சொன்னதா ஆவக் கூடாதுடி" என்றபடி பச்சைக் கொட்டையைக் கல்லால் நசுக்கி, தோலையே வேகவைக்கும் அந்தப் பாலைக் குச்சியால் தொட்டுத் தன் மணிக்கட்டில் வைத்துக்கொண்டாள். ஓடிய என்னையும் துரத்திப் பிடித்து, அதே இடத்தில் வைத்தாள். "கத்தாதடி. தொலைஞ்சு போனா கண்டுபுடிக்க வேணாமா?"

பெரம்பலூரில் அவள் வேலைக்குப் போன வேன் லாரியில் மோதியபோது என் வயிற்றில் இவன் இருந்தான். வேனில் ஏறக்குறைய ஒரே வயதுப் பெண்கள் இருவர். ஒருத்தி முகம் முழுக்கக் கட்டோடு, நினைவில்லாமல் திருச்சி ஆஸ்பத்திரியில், இன்னொருத்தி பிணவறையில். எவள் யார் என்று தெரியவில்லை. அவளுடைய அப்பாவால் பிணவறைக்குள் போக முடியவில்லை. "நீ பாத்துச் சொல்லும்மா, உனக்குத் தெரியும்" என்றார். வயிற்றுப்பிள்ளைக்காரி போகக் கூடாது என்றார்கள். போனேன். முகத்தை மூடியிருந்தார்கள். கையை மட்டும் திருப்பிக் காட்டினார்கள்.

வெளியே வந்தேன். என் மணிக்கட்டைத் தொட்டுக் காட்டினேன். அவர் சுவரோடு சரிந்து உட்கார்ந்தார். பக்கத்தில் நின்றிருந்த மற்றவளின் அம்மா, என்னைப் பார்த்துக் கைகூப்பினார்.

அந்தக் கும்பிடை என்ன செய்வதென்று இன்றும் எனக்குத் தெரியவில்லை. மகன் தூக்கத்தில் அலறினால், போயிருக்கக் கூடாதோ என்று நினைக்கிறேன். போகாதிருந்தால் அந்த அப்பா யார் மகளையோ தன் மகளென்று நம்பிக் காத்திருப்பாரே என்றும் நினைக்கிறேன்.

இப்போது இவனைப் பள்ளியில் சேர்க்க அங்க அடையாளம் இரண்டு கேட்கிறார்கள். கணவரையே பார்த்து எழுதச் சொல்லிவிட்டேன். இவன் விடாமல் சோப்பைத் தேய்க்கிறான். "போவவே இல்லம்மா." நான் அவன் முதுகில் தண்ணீர் ஊற்றுகிறேன், அங்கே மச்சம் எங்கெங்கே என்று பார்க்காமல்.