முன்னாள் செனட்டருக்குப் போர்த்திய பொன்னாடை

ஒருமுறை செனட்டராக இருந்தவர் சாகும்வரை செனட்டர்தான், அவர் வாயசைத்தால் வேலை நடக்கும் என்று நம்பினேன். எங்களூரில் தோற்றுப்போன எம்.பி.க்குக்கூடப் பொலிஸ்காரன் கதிரை இழுத்துப் போடுவான். அந்தப் புத்தியையும் விமானத்தில் ஏற்றிக்கொண்டு வந்தவன் நான்.

கனடாவில், மொன்றியலின் பியர்பொன்ட்ஸில் எங்கள் பகுதிக் கவுன்சிலர் அயர்லாந்துக்காரர். அங்கே ஒரு சின்னப் பட்டணத்துச் சபையில் தொடங்கி, செனட்வரை ஏறி, அடுத்த தேர்தலில் விழுந்து, மகளுக்குப் பின்னால் மொன்றியலுக்கு வந்தவர். இங்கே பிரஜாவுரிமை எடுத்து, மறுபடி அடிப்படியிலிருந்து தொடங்கினார். தெருப் பள்ளத்தையும் பனி அள்ளுவதையும் பார்க்கிற பதவி. என் கண்ணுக்கு மட்டும் அவர் இன்னும் மாளிகையில்தான் இருந்தார்.

வீட்டுக் கீழ்த்தளத்தில் சின்னதாக ஒரு பிள்ளைகள் காப்பகம், இங்கத்தை பாஷையில் கார்டெரி, தொடங்கவென்று என் மனைவி வேலையை விட்டிருந்தாள். கார் நிறுத்த இடம் போதாததால் சபைதான் விசேஷ அனுமதி தரவேண்டும். முன்வீட்டுக்காரர் எதிர்ப்பு.

நான் என்ன செய்தேன்? அயலில் நாலு பேரிடம் ஆதரவு கேட்டேனா? பொங்கல் விழாவுக்கு அவரைப் பிரதம விருந்தினராக அழைத்துப் பொன்னாடை போர்த்தினேன். மைக்கில் மூச்சுக்கு ஒருதரம் ‘மாண்புமிகு செனட்டர்’ என்றேன். அவர் நெஞ்சில் கைவைத்து, பார்த்துக்கொள்கிறேன் என்றார். வடையும் தின்றார்.

சபைக் கூட்டத்தில் எங்கள் விண்ணப்பம் வந்தபோது, யாராவது பேச விரும்புகிறீர்களா என்று தலைவி கேட்டார். முன்வீட்டுக்காரர் எழுந்து பிள்ளைகளின் அழுகையால் நித்திரை கெடும் என்றார். ஒரு பிள்ளைகூட இன்னும் வரவில்லை, அழுகை மட்டும் வந்துவிட்டது!

மனைவி விலாவில் இடித்தாள். “எழும்பிக் கதையுங்கோவன்.”

“நீர் சும்மா இரும். நான் கதைச்சா ஐயாவில நம்பிக்கையில்லை எண்டு நினைப்பார்.”

“அந்தாள் போனைப் பாத்துக்கொண்டெல்லோ இருக்குது!”

“பெரிய ஆக்கள் அப்பிடித்தான். மேலிடத்துக்கு மெசேஜ் போடுறார் போல.”

கலியாண வீடுகளில் என்னிடமிருந்து மைக்கைப் பறித்தெடுக்கவேண்டும். அன்று கதிரையை விட்டு எழும்பவில்லை. அந்தப் பயத்துக்கு மரியாதை என்று பெயர் வைத்துக்கொண்டு ஐயாவைப் பார்த்துப் பல்லைக் காட்டினேன். வேறு யாராவது என்று தலைவி திரும்பவும் கேட்டார். என் பல் உள்ளே போகவில்லை.

வாக்கெடுப்பு முடிந்ததும் கார் தரிப்பிடத்துக்கு ஓடி அவரை மறித்தேன். எனக்கு இங்கிலிஷும் வரவில்லை, மூச்சும் வரவில்லை. அவர் என் தோளைத் தட்டினார். “ஆதரித்து ஒருவர்கூடப் பேசவில்லையே. நான் எதை வைத்துக் கை தூக்குவது?”

தட்டிய கையைக் கடித்திருப்பேன். நெஞ்சில் வைத்ததும் அதே கைதானே! தின்ற வடைக்காவது ஒரு கேள்வி கேட்டிருக்கலாமே அந்த மனுஷன்! அதைவிடக் கோபம், பதவிக்காரனைக் கண்டதும் பொன்னாடையோடு அவன் கழுத்தைத் தேடி ஓடுகிற எங்கள் கூட்டத்தின்மேல். அந்தக் கூட்டத்தில் முதலாவதாக ஓடியவன்மேல் இன்னும் ஆறவில்லை.

“இப்ப கத்துறியள்,” என்றாள் மனைவி காரில். “உள்ளுக்க எங்க போனது இந்தச் சத்தம்?”

அனுமதி கிடைக்கவில்லை. எதிர்த்துக் கை தூக்கியவர்களில் அவரும் ஒருவர். மனைவி இப்போது டோர்வல் விமான நிலையத்தில் துப்புரவு வேலை செய்கிறாள்.