சிரிக்க வேண்டிய ஷாட்

மோகனூரில், காவிரிக் கரையோரம் எடுத்த ஒரு சின்னப் படத்துக்கு நான் சவுண்ட் பார்த்தேன். எலக்ட்ரானிக்ஸ் படித்துவிட்டு இந்த வேலைக்கு வந்தவள். அந்தப் படத்தில் ஒரு ஜெர்மன் நடிகர் இருந்தார். எழுபதை ஒட்டிய வயது. அவருடைய நாட்டில் பெரிய கம்பெனிகள் தொடாத, கைக்காசு போட்டு எடுக்கும் படங்களிலேயே காலத்தைக் கழித்தவர். என்னென்ன வேடம் என்று கேட்டால் விரல் மடக்கிச் சொல்வார்: கதவைத் திறக்கும் பக்கத்து வீட்டுக்காரர், தீர்ப்பு வாசிக்கும் நீதிபதி, டிக்கெட் பரிசோதகர், குடிகாரத் தகப்பன். "ஆனால் எல்லாவற்றிலும் என் குரல்தான். எனக்காக வேறு யாரும் பேசியதில்லை" என்பார் ஆங்கிலத்தில்.

எங்கள் கதையில் அவர், மேட்டூர் ஆலைக்கு இயந்திரம் பூட்ட வந்து இங்கேயே தங்கிவிட்ட இன்ஜினியர். தமிழ் வசனங்களை ஒலியாகவே மனப்பாடம் செய்து வந்திருந்தார். கேமரா ஓடினால் வார்த்தை நழுவிவிடும். ஷாட்டுக்கு முன் அவர் முணுமுணுப்பது ஹெட்போனில் எனக்கு மட்டும் கேட்கும். ஒவ்வொரு முறையும் ஒரு சொல் குறைந்திருக்கும். டைரக்டர் வசனங்களை ஒவ்வொன்றாக வெட்டினார். கடைசியில் அவருக்கு மிஞ்சியது சாவுக் காட்சி மட்டும்.

பெஞ்சில் கிடத்தி, மாலை போட்டு, நெற்றியில் காசு ஒட்டினார்கள்.

"இவருக்குப் பவுடரே வேண்டாமுங்க" என்றார் மல்லசமுத்திரத்து லைட்மேன் அண்ணன்.

ஷாட் ஓகே ஆனது.

பிணமாக நடித்தவர் எழுந்ததும் கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். அதையும் படம் பிடிப்போம். சிரிக்காமல் போனால் ஆகாது என்பது சினிமா வழக்கம். அந்த ஷாட்டுக்கு ஒலி எடுப்பதில்லை. நான் ரெக்கார்டரை நிறுத்தினேன்.

"சாமி, சிரிங்க" என்றார் அண்ணன்.

அவர் சிரிக்கவில்லை. எழுந்து உட்கார்ந்து, கேமராவை நேராகப் பார்த்து, வெட்டப்பட்ட வசனத்தைச் சொன்னார். "நான் ஊருக்குப் போகலீங்க. இந்தத் தண்ணி பழகிப்போச்சு. இங்கயே இருந்துக்கறேன்."

ஒரு சொல்கூடத் தவறவில்லை. டைரக்டர் திரும்பி என்னைப் பார்த்தார். பதிவாகவில்லை என்று தலையசைத்தேன்.

"பரவால்ல. இதையே கடைசி ஷாட்டா வெச்சுக்கலாம். சேலத்துல யாரையாவது புடிச்சு டப் பண்ணிக்கலாம்."

டப் என்ற சொல் அவருக்குப் புரிந்துவிட்டது. இன்னொரு முறை என்று ஒரு விரலைக் காட்டினார். ரெக்கார்டரை ஓடவிட்டேன்.

"நான் ஊருக்கு" என்றார். நிறுத்தினார். மறுபடியும், "நான் ஊருக்கு." உதடு தேடிக்கொண்டே இருந்தது.

அண்ணன் போய் அவர் நெற்றிக் காசை எடுத்தார். "உடுங்க சாமி. சிரிச்சுட்டு எந்திரிங்க. நல்லபடியா ஊடு போய்ச் சேரோணுமில்ல?"

என்ன புரிந்ததோ, சிரித்தார். இருமல் வரும்வரை சிரித்தார்.

டப்பிங்குக்கு ஆள் பார்க்கும் வேலை எனக்கு வந்தது. நான் யாரையும் கூப்பிடவில்லை. பதிவான "நான் ஊருக்கு" என்ற அந்த இரண்டு வார்த்தையை முதல் முறை எடுத்த ஷாட்டின் உதட்டசைவில் பொருத்தி, மீதி இடத்தில் ஆற்றின் சத்தத்தை மட்டும் வைத்து டைரக்டருக்கு அனுப்பினேன். இன்னும் பதில் வரவில்லை.